சுவர்முட்டி மாமா

சுவர்முட்டி மாமாவைக் குணப்படுத்தியது நான்தான். வேலைக்குச் சேர்ந்த புதிது, ஆர்வக்கோளாறு.

எங்கள் கம்பெனி ஒரு பழைய வீடியோ கேமைத் தூசி தட்டி, இப்போதைய கன்சோல்களில் ஓடும்படி புதுப்பித்துக்கொண்டிருந்தது. கேமுக்குள் ஒரு முழு நகரம். எங்கே வேண்டுமானாலும் போகலாம், எவன் காரை வேண்டுமானாலும் பிடுங்கலாம், கேட்க நாதியில்லை. அந்த நகரத்தின் பாலத்துக்குக் கீழே, தொப்பியும் தொப்பையுமாக ஒருவர் சுவரில் முட்டிக்கொண்டே இருப்பார். மழையிலும் முட்டுவார், துப்பாக்கிச் சண்டைக்கு நடுவிலும் முட்டுவார். சுவருக்கு அந்தப் பக்கம் போகும்படி அவருக்கு எழுதிவைத்த யாரோ, நடுவில் சுவர் இருப்பதை மறந்துபோயிருக்கிறார்கள். அவ்வளவுதான் சங்கதி. அவருக்குச் சுவர்முட்டி மாமா என்று பெயர் வைத்தது ரசிகர்கள்.

பழைய கோளாறுகளைச் சரிசெய்வது என் வேலை. சரிசெய்தேன். மாமா சுவரைப் பார்த்தார், ஓரமாக நடந்தார், மூலையில் திரும்பினார், போயே போய்விட்டார். பக்கத்து சீட்டுக்காரியைக் கூப்பிட்டுக் காட்டிப் பீற்றிக்கொண்டேன்.

சோதனைப் பதிப்பு வெளிவந்ததும் ரசிகர்கள் கொதித்தார்கள். நாங்கள் மாய்ந்து மாய்ந்து செய்த தண்ணீரையும் வெளிச்சத்தையும் ஒரு ஜென்மம்கூட கவனிக்கவில்லை. எல்லாருக்கும் ஒரே கேள்வி, எங்கள் மாமா எங்கே?

எங்கள் வீட்டிலும் ஒருவர் கொதித்துக்கொண்டிருந்தார். என் கணவர். வேலை போய் வீட்டில் இருந்த மனிதர், தன்னை வெளியே அனுப்பிய தன் பழைய கம்பெனிக்கே திரும்பத் திரும்ப விண்ணப்பம் போடுவார். மீதி நேரத்துக்கு இந்த கேம்.

"எவனோ ஒரு அரைவேக்காடு மாமா மேல கை வச்சிருக்கான்" என்றார்.

"சாப்பிட வாங்க" என்றேன் அரைவேக்காடாகிய நான்.

எங்கள் மேலாளருக்கு நாங்கள் வைத்த பெயர் சங்கு. எதற்கெடுத்தாலும் ஆலைச் சங்கு மாதிரி அலறுவார். அன்றும் அலறினார்.

"அடுத்த பதிப்புல மாமா முட்டணும்! முட்டலேன்னா உன் வேலையை நிரந்தரம் பண்றதைப் பத்தி என்கிட்ட வாயே திறக்காதே!"

வீடு ஓடுவது என் ஒருத்தி சம்பளத்தில். ஆக, ஒரு தொப்பைக்காரரைச் சுவரில் முட்டவைத்தால்தான் எங்கள் வீட்டில் அடுப்பு எரியும். இதற்கா என்னை அவ்வளவு படிக்கவைத்தார் அப்பா?

முதலில் அசைவை மட்டும் எழுதினேன். தலை முன்னே, தலை பின்னே.

"முட்டுற மாதிரியே இல்லையே. கோழி தலையாட்டுற மாதிரி இருக்கு" என்றார் சங்கு.

வாஸ்தவம்தான். பழைய மாமா நிஜமாகவே அந்தப் பக்கம் போகப் பார்த்தவர். அதனால் அந்தப் பக்கத்தில் அவருக்குப் போகவேண்டிய இடம் ஒன்றை வைத்தேன். சுற்றிக்கொண்டு போய்ச் சேர்ந்துவிட்டார். சுவரை நீட்டினேன். நீட்டிய தூரத்தையும் நடந்தே கடந்தார். சுற்றிவர அடைத்து ஒரே ஒரு சாலையை மட்டும் விட்டேன். மகராசன், அந்த வழியாக வந்த காரை மறித்து ஏறிப் போய்விட்டார்.

பக்கத்து சீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள். "ஊர்ல எல்லாருக்கும் வழி கண்டுபிடிக்கிற புத்தியை நாமதானே குடுத்தோம்? இவர்கிட்ட இருந்து மட்டும் அதைப் புடுங்கிடு."

"பாவம்டி."

"உனக்கு வேலை வேணுமா, வேண்டாமா?"

பிடுங்கினேன். மாமா நேரே போய் முட்டினார். பின்வாங்கி மறுபடியும் முட்டினார். சங்கு கைதட்டினார். அந்த வாரமே என் வேலை நிரந்தரமானது.

புதிய பதிப்பை வீட்டில் போட்டுப் பார்த்த கணவருக்குக் கண்ணே கலங்கிவிட்டது.

"பாத்தியா! விடுறாரா மனுஷன்? நாளைக்கு நானும் மறுபடி எழுதிப் போடப்போறேன்."

"எங்க?"

"எங்கயா? அங்கதான்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கூடவே அழுகையும் வந்தது.

"அவர் விடாப்பிடியா முட்டலைங்க. சுத்திப் போகத் தெரியாம முட்டறாரு. அந்தப் புத்தியை அவர்கிட்ட இருந்து புடுங்கினது நான். அதுக்கு எனக்குச் சம்பளம் தர்றாங்க. உங்களுக்கு யாரு தர்றாங்க?"

திரையில் மாமா முட்டிக்கொண்டிருந்தார்.

"அப்ப முதல்ல அவரைச் சரிபண்ணினதும் நீதானா?" என்றார்.

"ஆமா."

திட்டப்போகிறார் என்று நினைத்தேன். அவர் திரையைப் பார்த்தபடியே கேட்டார்.

"சுவரை விட்டு வந்தப்புறம்... நல்லா நடந்தாரா?"

"நல்லாத்தான் நடந்தாரு."

அவர் டிவியை அணைத்தார்.