பைகாராவில் நிற்கும் வண்டி

கனகலட்சுமியின் மொபெட்டுக்குப் பைகாரா பஸ் நிறுத்தத்தின் மேல் அப்படி என்ன பிரியமோ! மகாலுக்குப் பின்னாலிருக்கும் வீட்டிலிருந்து சமர்த்தாகக் கிளம்பும். பழங்காநத்தம் வரைக்கும் ஒரு முனகல் கிடையாது. பைகாரா வந்ததும் இருமும், திக்கும், நின்றே போகும். பசுமலைப் பள்ளிக்கூடத்துக் கணக்கு டீச்சரான அவள் முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு வண்டியை உருட்டுவதை வேடிக்கை பார்க்கவே ரோட்டோர டீக்கடையில் ஒரு கூட்டம் காத்திருந்தது.

உருட்டிக் கை ஓய்ந்ததும், பெட்ரோல் இருக்கிறதா என்று டேங்க் மூடியைத் திறந்து பார்ப்பாள். இருக்கும். மூடிவிட்டு மிதித்தால், ஒன்றுமே நடக்காத மாதிரி கிளம்பும். அதற்குள் பள்ளிக்கூடத்தில் பிரேயர் முடிந்திருக்கும்.

அவள் கணவன் ஹரிராமுக்குச் சிம்மக்கல்லில் நூல் வியாபாரம். பொறுத்துப் பொறுத்துப் பார்த்து, "விஜயதசமி அன்னைக்குப் பாலசுந்தரம் வந்து வண்டிய எடுத்துக்கிறட்டும். நீ பழையபடி பஸ்ல போ" என்று சொல்லிவிட்டான். பாலசுந்தரம் அவனுடைய அத்தை மகன். பழைய வண்டிதான், ஆனால் கனகலட்சுமி தன் சம்பளத்தில் வாங்கியது. காலையில் அதன் மேல் உட்கார்ந்து தெரு முனை திரும்பும்போது வருகிற காற்று அவளுக்கு வேறு எதிலும் கிடைக்கவில்லை. அதை விட்டுக்கொடுக்க அவளுக்கு மனசே இல்லை.

மெக்கானிக் முத்திருளன் பிளக்கை மாற்றினான், கார்புரேட்டரைக் கழுவினான், சிம்மக்கல்லை ஒரு சுற்றுச் சுற்றி வந்தான். "வண்டியில ஒண்ணுமில்ல டீச்சர். பைகாராவுலதான் ஏதோ இருக்கு. ஒரு எலுமிச்சம்பழத்தைக் கட்டித் தொங்கவிடுங்க."

"பேய்னா நெனச்ச நேரத்துக்கு வரும். இது டைம்டேபிள் போட்டு வருதேண்ணே! வண்டியச் செஞ்சவன் எதையாச்சும் எழுதி வச்சிருப்பான்ல? அந்தப் புஸ்தகம் எங்க கிடைக்கும்?"

"வண்டிக்குப் புஸ்தகமா? நான் ஸ்பேனர் பிடிச்ச நாள்ல இருந்து அப்படி ஒண்ணைக் கண்ணால கண்டதில்ல."

அவன் காணாவிட்டால் இல்லாமல் போய்விடுமா? புதுமண்டபத்துப் புத்தகக் கடைகளில் ஏறி இறங்கினாள். வீட்டு வைத்தியம் இருந்தது, கோழி வளர்ப்பு இருந்தது, கனவுப் பலன் இருந்தது. வண்டி வாங்க நல்ல நாள் பார்க்கும் புத்தகம்கூட இருந்தது. வாங்கின வண்டி நின்றுபோனால் என்ன செய்வது என்று மட்டும் ஒரு புண்ணியவானும் எழுதி வைக்கவில்லை. கடைக்காரர் ஒருவர்தான் இரக்கப்பட்டு வழி சொன்னார். "ஆயுத பூசை வருதுல்லம்மா. ஒர்க்ஷாப்புக்காரங்க எல்லாம் ஒட்டடை அடிச்சுப் பழைய பேப்பரை எடைக்குப் போடுவாக. சிம்மக்கல்லுல தவசி கடையில பாருங்க."

பூசை நாளன்று காலையில், தவசி கடையில் எடைக்கு வந்து குவிந்திருந்த காகித மலைக்கு முன்னால் போய் உட்கார்ந்தாள். தும்மித் தும்மிக் கிளறினாள். பில் புத்தகம், காலண்டர், பரீட்சைப் பேப்பர். அடியில் மசகு படிந்த, ஒல்லியான இங்கிலீஷ் புத்தகம் ஒன்று. பிரித்த பக்கத்தில் அவளுடைய மொபெட், அதுவும் தோலை உரித்து வைத்த மாதிரி! நட்டு, போல்ட்டு எல்லாவற்றுக்கும் நம்பர் போட்டிருந்தது. "ஆத்தாடி!" என்று வாய்விட்டே கத்திவிட்டாள்.

"இதுக்கா இம்புட்டு நேரம் புழுதியில கெடந்தீக? தராசுல வச்சா முள்ளே அசையாது. சும்மா கொண்டுபோங்க" என்றான் தவசி.

பஸ்ஸில் பொரியும் பூசணியுமாக ஒரே கூட்டம். ஒரு கையில் கம்பியும் மறு கையில் பையுமாகத் தொங்கியவளால் புத்தகத்தைப் பிரிக்க முடியவில்லை. வீட்டுப் படியேறும்போது மாமியார் சீதாலட்சுமி சந்தனக் கிண்ணத்தோடு நின்றாள். அந்த வீட்டில் பேசுவது சௌராஷ்டிரம்தான். நமக்காகத் தமிழில் சொல்கிறேன்.

"புஸ்தகமா? நல்ல நேரத்துல கொண்டாந்தே. குடு" என்று வாங்கி, அட்டையில் பொட்டு வைத்து, பூசையில் அடுக்கியிருந்த புத்தகங்களுக்கு நடுவே செருகிவிட்டாள்.

"அத்தை, ஒரே ஒரு பக்கம்..."

"சரசுவதி பூசையன்னைக்கு எழுத்தைப் பாக்கலாமா? டீச்சர்னு வெளியில சொல்லாதே. நாளைக்குக் காலைல எடுத்துக்க."

நாளைக்குக் காலையில்தானே பாலசுந்தரம் வருகிறான்! அன்று முழுக்க ஏதாவது ஒரு சாக்கு வைத்துக்கொண்டு பூசை அலமாரிப் பக்கம் நடந்தாள். புத்தகத்தின் மசகு ஓரம் மட்டும் வெளியே தெரிந்தது. கை அரித்தது.

மறுநாள் பாலசுந்தரம் விடிந்ததுமே வந்துவிட்டான். "நல்ல நேரத்துக்குள்ள வண்டியை எடுத்துறணும் மதினி" என்று காபிக்கு உட்கார்ந்தான். மறுபூசை முடிந்தது. ஆளுக்கு ஒரு புத்தகம் எடுத்து வாசிக்க வேண்டும். கனகலட்சுமி எதை எடுத்தாள் என்று சொல்லவும் வேண்டுமா? சம்மணம் போட்டு உரக்கவே வாசித்தாள்.

"ஒரு வரி போதும். அவன் காத்துக்கிட்டு இருக்கான்ல" என்றான் ஹரிராம்.

சீதாலட்சுமிக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "விஜயதசமியில எடுத்த புஸ்தகத்தை ஒரு வரியோட மூடுவாகளாடா? அவன் இன்னொரு காபி குடிக்கட்டும். நீ வாசி, கனகு." இங்கிலீஷில் ஓர் எழுத்தும் தெரியாத அந்த அம்மாள், ஸ்பார்க் பிளக்கையும் செயின் கவரையும் சுலோகம் கேட்பது போலக் கைகூப்பிக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

கடைசியில் அந்த இடம் வந்தது. கொஞ்ச தூரம் ஓடி வண்டி நின்றால் பிளக்கைப் பார். முத்திருளன் பார்த்துவிட்டான். கார்புரேட்டரைப் பார். அதையும் பார்த்துவிட்டான். டேங்க் மூடியில் காற்று போக ஒரு சிறு துளை இருக்கும். அது அடைத்திருந்தால் பெட்ரோல் இறங்காது. கனகலட்சுமிக்கு வாசிப்பு நின்றுபோனது.

முற்றத்துக்கு ஓடினாள். மூடியில் துளையே இல்லை. சந்தனம்தான் இருந்தது. வெள்ளிக்கு வெள்ளி மாமியார் வைத்த பொட்டு, மேலே மேலே காய்ந்து அப்பியிருந்தது. டேங்குக்குள் இருந்த காற்று பைகாரா வரைக்கும்தான் தாங்கியிருக்கிறது. நின்ற இடத்தில் மூடியைத் திறந்தபோதெல்லாம் காற்று புகுந்திருக்கிறது, வண்டி கிளம்பியிருக்கிறது. அம்புட்டுத்தான் பேய்! துள்ளிக் குதிக்க வேண்டும் போலிருந்தது அவளுக்கு. ஆனால் பின்னாலேயே மாமியார் வந்து நின்றாள். இவ்வளவு நேரம் தனக்காகப் பேசிய மனுசியிடம் இதை எப்படிச் சொல்வது? வளையலில் கிடந்த ஊக்கைக் கழற்றிச் சத்தமில்லாமல் சுரண்டினாள். துளை தெரிந்தது.

"என்ன அது?" என்றான் ஹரிராம்.

"ஒண்ணுமில்ல, தூசி."

சீதாலட்சுமி குனிந்து, கீழே உதிர்ந்ததை விரலில் தொட்டு மோந்து பார்த்தாள். "தூசியா? இது நான் அரைச்ச சந்தனம்" என்றாள். "அப்ப, இம்புட்டு நாளும் உன்னைப் பைகாராவுல நிறுத்தி வச்சது நாந்தானா?"

கனகலட்சுமிக்குக் கண் கலங்கிவிட்டது. மூடியைத் திருகிப் போட்டு வண்டியை மிதித்தாள்.

பைகாராவில் டீக்கடைக் கூட்டம் வழக்கம்போல எழுந்து நின்றது. வண்டி நிற்கவில்லை. பசுமலையைத் தொட்டுவிட்டுத் திரும்பியபோதும் நிற்கவில்லை. அவள் வீடு வந்து சேர்ந்தபோது, பாலசுந்தரத்தின் நல்ல நேரம் போய்விட்டிருந்தது. "வேற வண்டி பாத்துக்க, மாப்ள" என்று ஹரிராமே அவனை அனுப்பிக்கொண்டிருந்தான்.

வாசலில் சீதாலட்சுமி புதுச் சந்தனத்தோடு நின்றாள். கிண்ணத்துக்குள் விட்ட விரலை வெளியே எடுக்கத் தயங்கினாள்.

"கனகு, அந்தப் புஸ்தகத்தைக் கொஞ்சம் பாரு. பொட்டு எங்க வைக்கலாம்னு போட்டிருக்கா?"

கனகலட்சுமி சிரிக்கவில்லை. புத்தகத்தைக் கொண்டுவந்து, தோலுரித்த வண்டியின் படத்தைப் பிரித்து, மாமியாருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, நம்பர் நம்பராகத் தேட ஆரம்பித்தாள்.