வந்ததாக எழுதப்பட்ட பதின்மூன்று பேர்

தாம்பரத்துப் பெருமக்களே! ரயிலுக்கு விரையும் கால்களைச் சற்றே நிறுத்துங்கள். ஒரு தகரக் கொட்டகையைக் காட்டுகிறேன், வந்து பாருங்கள். அரசுப் பணத்தில் நடக்கும் தனியார் பள்ளி அது. உள்ளே மூன்றாம் வகுப்புக்கு வாய்ப்பாடு சொல்லிக் கொடுப்பவர் கன்னியம்மா. பன்னிரண்டு ஆண்டுகளாகச் சொல்லிக் கொடுக்கிறார். ஆயினும் அரசின் பதிவேட்டில் அவருக்குப் பெயர் இல்லை. நிர்வாகம் தன் விருப்பத்துக்கு வைத்துக்கொண்ட ஆள் அவர்.

1988இல் அரசு ஊதியம் தரும் பணியிடம் ஒன்று அங்கே காலியானது. வேலைவாய்ப்பு அலுவலகம் பதிவு மூப்புப்படி பதினைந்து பெயர்களை அனுப்பியது. அவற்றுள் கன்னியம்மாவின் பெயரும் ஒன்று. அனைவரையும் அழை, தகுதியைப் பார், தேர்ந்தெடு என்பதுதான் விதி.

தாளாளர் சம்பந்தம் கன்னியம்மாவை அறைக்கு அழைத்தார். பள்ளியின் ஏடுகளெல்லாம் கன்னியம்மாவின் எழுத்தில்தான் இருக்கும்; ஆய்வுக்கு வந்த அதிகாரிகளே மெச்சிய எழுத்து. மற்றப் பதினான்கு பேருக்கும் அழைப்புக் கடித உறைகளில் அவரே முகவரி எழுதினார். உறைகளை வாங்கிய தாளாளர் அவற்றை மேசை இழுப்பறையில் வைத்துப் பூட்டினார்.

நேர்காணல் நாளில் ஒருவரும் வரவில்லை. கமிட்டியின் நடவடிக்கைகளைப் பதியும் மினிட் புத்தகத்தைச் சம்பந்தம் கன்னியம்மாவின் பக்கம் நகர்த்தினார்.

"எழுதும்மா. பதினஞ்சு பேரும் வந்தாங்க, கமிட்டி விசாரிச்சுது."

"யாருமே வரலியே சார்?"

"வரலன்னா இன்னா? நீதான் கீறியே. நம்ப ஸ்கூல் பொண்ணுக்கு இன்டர்வியூ வேறயா? செலக்ட் ஆனவங்க பேருக்கு மட்டும் ஒரு வரி இடம் வுட்டுடு."

அந்த வெற்று வரி தமக்கென்றே கன்னியம்மா நம்பினார், எழுதினார். இதை நான் மறைக்க மாட்டேன். அத்தனை பேரின் வாசலும் அடைபடுவதை அறிந்தே எழுதினார்.

மறுவாரம் அந்த வரியில் ஏறியது, பட்டியலின் கடைசியில் நின்ற தாளாளரின் மைத்துனர் மகள் பெயர். அவளைக் கழித்தால், கன்னியம்மாவைத் தவிர வஞ்சிக்கப்பட்டவர்கள் பதின்மூன்று பேர்.

கன்னியம்மா உயர் நீதிமன்றம் போனார். தீர்ப்பு வரும்வரை அவரவர் இருந்த நிலையிலேயே இருக்கட்டும் என்று இடைக்கால ஆணை பிறந்தது. ஐந்தாண்டுகள் ஓடின. பள்ளி அவரை வெளியேற்ற முடியாது. அவரும் வெளியேற முடியாது. போனால் வழக்கு செத்துவிடும் என்றார் அவருடைய வழக்கறிஞர் அசரியா. காவல் கேட்டுப் போனவருக்குச் சிறை கிடைத்தது. சென்ற மாதம் பள்ளித் தரப்பு மினிட் புத்தகத்தை நீதிமன்றத்தில் வைத்தபோது, அச்சிறையின் கதவும் சாத்தப்பட்டது.

"டீச்சர், இது யார் எழுத்து?" என்றார் அசரியா.

"என்னுதுதான் சார்."

"அப்ப அவங்களுக்கு வேற சாட்சியே வேணாம். இன்டர்வியூ ஒழுங்கா நடந்துச்சுன்னு நீங்களே எழுதிக் குடுத்திருக்கீங்க."

"பொய்னு சொல்லிடறேன்."

"பொய் ரெக்கார்டு எழுதினவங்க டீச்சரா இருக்கலாமான்னு கேப்பாங்க. லெட்டர் வராதவங்க யாராவது வந்து சொல்லணும்."

உறைகளில் எழுதிய முகவரிகள் கன்னியம்மாவின் மனத்தில் இருந்தன. திருமுடிவாக்கத்துப் பட்டறை ஒன்றில், அந்தப் பதின்மூவரில் ஒருவரான, ஆசிரியர் பயிற்சி முடித்த பக்தவச்சலம் இரும்புத் தண்டை அரத்தால் ராவிக்கொண்டிருந்தார். கன்னியம்மா எழுதிக் கொண்டுவந்த பிரமாணப் பத்திரத்தைப் பார்த்து, கதை முழுவதையும் கேட்டபின் சிரித்தார்.

"கவர்ல என் பேரு எழுதுனதும் நீ. வந்தேன்னு எழுதுனதும் நீ. இப்ப வரலன்னு எழுதி எடுத்துகினு வந்துகீறே. இன்னாக்கா, என் பேரு உனக்குக் காப்பி நோட்டா?"

"தப்புதான் தம்பி."

"கேஸ் ஜெயிச்சா வேலை உனக்கு. எனக்கு இன்னா கீது? பேஜாருதான்."

பேருந்தில் திரும்பும் வழியெல்லாம் 'வேலை உனக்கு' என்ற அந்தச் சொல் கன்னியம்மாவை அறுத்தது. நேரே அசரியாவிடம் போனார்.

"எனக்கு வேலை குடுங்கன்னு கேக்க வேணாம் சார். அந்த செலக்‌ஷன் செல்லாது, பதினஞ்சு பேரையும் மறுபடி கூப்பிடுங்கன்னு கேளுங்க. பொய் எழுதுனது நான்தான்னும் போடுங்க."

"உங்களுக்குக் கெடைக்காமலே போகலாம் டீச்சர்."

"போகட்டும் சார். கூப்பிடட்டும்."

திருத்திய மனுவின் நகலைப் பக்தவச்சலம் இருமுறை படித்தார். கைக்கறையைத் துடைத்து, பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்திடப் பேனாவை வாங்கினார். பிறகு மூடித் திருப்பித் தந்தார். "வேற யார்னா போட்டுட்டு வரட்டும்க்கா. பின்னாலயே நான் போடறேன்."

பட்டியலில் இருந்த இரும்புலியூர் அம்மணியும் அதையே சொன்னார். படப்பை யேசுதாசனும் அதையே சொன்னார். இரண்டாவதாக நிற்க மூவர் ஆயத்தம். முதலாவதாக நிற்க எவருமில்லை.

எஞ்சிய பத்துப் பேர் முகவரி மாறிப் போயினர். அவர்களைத் தேடியே பேசுகிறேன். 1988இல் இடைநிலை ஆசிரியர் பணிக்குப் பதிந்து, வராத கடிதத்துக்காக வாசலைப் பார்த்திருந்தவர்களே! நீங்கள் வந்தீர்கள், வினவப்பட்டீர்கள், தோற்றீர்கள் என்று அந்தப் புத்தகம் இன்றும் பொய் சொல்கிறது. கன்னியம்மாவின் மீது உங்களுக்குக் கோபமா? கோபத்தோடே வாருங்கள். வரும் பதினேழாம் தேதி விசாரணை. அசரியாவின் மேசையில் பிரமாணப் பத்திரம் கிடக்கிறது; அதன் முதல் வரி வெற்றாக இருக்கிறது. அதையும் வேறொருவர் நிரப்ப விடாதீர்கள். வந்து உங்கள் பெயரை உங்கள் கையாலேயே எழுதுங்கள்!