ஹன்னாக் குஞ்சு ஏறியதா?

ஞாயிற்றுக்கிழமை காலையில் பிசூன் பல் விளக்குவதற்கு முன்னால் கைப்பேசியின் கண்ணாடியைத்தான் துடைப்பான். சட்டை நுனியால் ஒருமுறை, அது போதாதென்று வாயால் ஊதி இன்னொருமுறை. பிறகு வீட்டுக்குப் பின்னால் கேன்ஜி ஆற்றில் இறங்கும் பலகைத் துறையின் கடைசிப் பலகையில் போய் உட்கார்ந்துகொள்வான். சரியாக ஏழு மணிக்கு நியூயார்க்கிலிருந்து அவன் மனைவி சுமிந்த்ரா கூப்பிடுவாள்.

அங்கே ஒரு வயதான அம்மாளைக் குளிப்பாட்டி, சோறூட்டி, கட்டிலில் புரட்டிப் போடும் வேலை அவளுக்கு. வீடு கட்டவென்று பிசூன்தான் அனுப்பிவைத்தான், போய் ஏழு வருஷமாகிறது. சுற்றிப் பார்க்கும் விசாவில் போய் அப்படியே தங்கிவிட்டவள். குடியிருப்புப் பத்திரம் கைக்கு வராமல் இந்தப் பக்கம் கால் வைத்தால், அந்தப் பக்கத்துக் கதவு சாத்திவிடும்.

"மூஞ்சியை அப்புறம் பாத்துக்கறேன். மொதல்ல அக்கரையைக் காட்டுங்க" என்பாள், எடுத்த எடுப்பில்.

அவனும் கைப்பேசியைத் திருப்பிப் பிடிப்பான். அக்கரையில் தண்ணீருக்குள்ளேயே நிற்கும் மொக்காமொக்காப் புதரில் ஹன்னாப் பறவைக் குடும்பம் ஒன்று இருந்தது. நீல முகம், சிவந்த கண், படுக்கையிலிருந்து எழுந்து தலை வாராமல் வந்ததுபோல் ஒரு கொண்டை. புழு வேண்டாம், மீன் வேண்டாம், அதற்கு இலை போதும். வயிறு முட்டத் தின்றுவிட்டு, கனத்த இரைப்பையைக் கிளையில் சாய்த்துக்கொண்டு மாடு மாதிரி மணிக்கணக்கில் செரித்துக்கொண்டிருக்கும். மேலெல்லாம் சாணி வாடை வீசும். பட்டினி கிடப்பவன்கூட அதைக் குழம்பில் போடமாட்டான் என்பதால் அது பாட்டுக்குப் பிழைத்துக் கிடந்தது.

"வாடை வருதா?"

"குடலைப் புரட்டுது."

"குடுத்து வச்சவரு. இந்த வீட்ல எங்க பாத்தாலும் எலுமிச்சை வாசனைதான், மூக்கே செத்துப்போச்சு எனக்கு" என்பாள். சிரித்துக்கொண்டுதான் சொல்வாள். பாத்திரம் கழுவியபடியே அந்தப் புதரைப் பார்த்துப் பதினெட்டு வருஷம் குடித்தனம் செய்தவள். எது தாய், எது போன வருஷக் குஞ்சு, எது முட்டையிடாமல் அடைகாக்க மட்டும் வரும் அக்கா என்று கணக்காகச் சொல்வாள். அந்தக் குடும்பத்தில் ஒரு குஞ்சுக்கு ஐந்து பேர் காவல் என்பதில் அவளுக்கு ஒரு பெருமை, ஒரு பொறாமை. பிசூனுக்கும் அவளுக்கும் பிள்ளை இல்லை.

பிசூன் கெட்டவன் இல்லை. வேலை பார்த்த கரும்பு எஸ்டேட் மூடியபோது கையில் மிஞ்சியது ஒரு படகும் ஒரு பழைய எஞ்சினும். பறவை பார்க்க வருகிறவர்களை ஏற்றிக்கொண்டு போனான். வருகிறவர்களுக்கோ சும்மா உட்கார்ந்து இலை தின்னும் பறவையைப் பார்த்தால் பத்து நிமிஷத்தில் கொட்டாவி வந்துவிடும். அப்போதுதான் அவனுக்கு ஒரு வித்தை தோன்றியது. எஞ்சினை அணைத்துவிட்டுப் படகைக் கூட்டுக்கு அடியில் மிதக்க விடவேண்டும். துடுப்பைத் தட்டையாகப் பிடித்துத் தண்ணீரில் ஓங்கி ஒரு அடி அடிக்கவேண்டும். பெரிய பறவைகள் சீறிக்கொண்டு தட்டுத்தடுமாறிப் பறக்கும். பறக்கத் தெரியாத குஞ்சுகள் கூட்டிலிருந்து ஆற்றில் தொப்பென்று விழும்.

"நல்லா நீந்தும், பயப்படாதீங்க. ரெக்கையில நகம் இருக்கு, புடிச்சுப் புடிச்சு மேல ஏறிடும். கடவுள் குடுத்த வரம்" என்று விளக்குவான். கைதட்டல் எழும். அடுத்த நிமிஷமே எஞ்சின் உறுமும், ஏனென்றால் கரையில் ஹாசா மீன் குழம்பு ஆறிக்கொண்டிருக்கும். இன்னொரு படகு ஓட்டும் கூட்டாளி கத்பர்ட்டும் பார்த்துப் பழகிக்கொண்டான். இரண்டே வருஷத்தில் கேன்ஜியில் துடுப்புச் சத்தம் கேட்காத திருப்பமில்லை.

மேல்திருப்பங்களில் கூடுகள் ஒவ்வொன்றாகக் காலியாயின. ஹன்னா இடம் மாறிவிட்டது என்று பிசூன் சொல்லிக்கொண்டான். சொல்லிக்கொள்வது சுலபம். வீட்டுக்கு எதிர்ப் புதரை மட்டும் அவன் தொட்டதில்லை. அது சுமிந்த்ராவுடையது.

ஒரு சனிக்கிழமை மதியம், ஆறு முழுக்கச் சுற்றியும் ஒரு குஞ்சுகூட அகப்படாமல், படகு நிறைய ஆட்களோடு அந்தப் புதருக்கே வந்தான். கூட்டில் இரண்டு குஞ்சுகள் இருந்தன. சுமிந்த்ராவுக்கும் காட்டலாமே, வாயைப் பிளந்துவிடுவாள் என்று அவனுக்கு ஒரு ஆசை. கைப்பேசியை ஒரு பெண்ணிடம் கொடுத்துப் படம் எடுக்கச் சொல்லிவிட்டு ஓங்கி அடித்தான். இரண்டும் குதித்தன. சாயங்காலமே அனுப்பிவைத்தான்.

மறுநாள் ஏழு மணிக்கு அவள் கூப்பிட்டபோது அக்கரையைக் காட்டச் சொல்லவில்லை.

"யாரு அடிச்சது?"

"நான்தான். சத்தம் எப்படி, வெடி மாதிரி வந்துச்சில்ல?"

"ஏறிச்சா?"

"ஏறும்."

"ஏறும்னா? நீங்க ஏறினதைப் பாத்தீங்களா?"

இரண்டு வருஷத்தில் எத்தனையோ குஞ்சுகளைக் குதிக்க வைத்தவன், ஒன்றாவது மேலே ஏறியதை நின்று பார்த்தது கிடையாது.

"அதெல்லாம் சமாளிச்சுக்கும், சுமின்."

அந்தப் பக்கம் உள்ளே எங்கோ அந்த அம்மாள் இருமுவது கேட்டது.

"ஏர்போர்ட்ல எனக்கும் இதத்தான் சொன்னீங்க. 'நீ சமாளிச்சுக்குவே'ன்னு. சொல்லிட்டு, கார்க்காரன் காத்துக்கிட்டு இருக்கான்னு திரும்பிப் போயிட்டீங்க. நான் உள்ள போற வரைக்கும்கூட நிக்கல."

"அன்னிக்கு மழை வேற..."

"கோவம் இல்லீங்க. ஆனா அந்தக் குஞ்சுங்க மேல ஏறினப்புறம் கூப்பிடுங்க. ஏறாம கூப்பிடாதீங்க."

திரை கறுத்தது. ஏழு வருஷத்தில் அவள் முதலில் போனை வைத்தது அன்றுதான்.

பிசூன் அக்கரையைப் பார்த்தான். கூட்டில் ஒரு குஞ்சு இருந்தது. எப்படியோ இரவுக்குள் ஏறியிருக்கிறது. மற்றது இல்லை. பெரிய பறவைகள் ஐந்தும் கீழே தண்ணீரைப் பார்த்துக் கரகரவென்று கத்திக்கொண்டிருந்தன. கண்ணைச் சுருக்கிப் பார்த்தபோது தெரிந்தது. நீரோட்டத்தின் கீழ்ப்பக்கம் ஒரு வேரைக் கட்டிக்கொண்டு, நனைந்த துணிப்பந்து போல அது ஒட்டிக்கொண்டிருந்தது.

ஏறப் பார்த்தது. ஒரு நகம் பிடித்தது, இன்னொன்று வழுக்கியது, மறுபடி தண்ணீர். பிசூனுக்குப் பொறுக்கவில்லை. மீன் வலையை எடுத்துக்கொண்டு, எஞ்சினைப் போடாமல் மெதுவாகத்தான் துடுப்புப் போட்டுப் போனான். அவன் பாதி ஆறு தாண்டியதும் பறவைகள் கப்பென்று வாயை மூடின. குஞ்சு அவனைப் பார்த்தது. பிடித்திருந்த வேரையும் விட்டுவிட்டுத் தண்ணீருக்குள் முங்கியது.

"உன்னைக் காப்பாத்தத்தான்டா வரேன்" என்றான் தண்ணீரைப் பார்த்து. நேற்று அடித்த கை எது, இன்று தூக்க வந்த கை எது என்று குஞ்சுக்கு எப்படித் தெரியும்? அவன் படகைத் திருப்பினான். துறையில் வந்து உட்கார்ந்தபோது, விலகி இருப்பதைத் தவிர அதற்குத் தன்னால் செய்யக்கூடியது ஒன்றுமில்லை என்பது புரிந்தது. செய்யத் தெரிந்தவனுக்குச் சும்மா இருப்பது பெரிய தண்டனை.

பத்து மணிவாக்கில் மாதா கோயில் முடிந்து கத்பர்ட் ஒரு குடும்பத்தை ஏற்றிக்கொண்டு வந்தான். படகு நேரே புதரைப் பார்த்துத் திரும்பியது. பிசூன் தன் படகை ஓட்டிக்கொண்டு போய்க் குறுக்கே நிறுத்தினான்.

"என்னடா, ஆத்தை உன் பேருக்கு எழுதி வாங்கிட்டியா?" என்றான் கத்பர்ட்.

"இங்க வேணாம், கத்பர்ட். ஒரு குஞ்சு கீழ கெடக்குது."

"கெடந்தா என்ன, ஏறப்போவுது. எனக்குக் கத்துக்குடுத்தவனே நீதான். இன்னிக்கு ஞானோதயமோ?"

"நீ ஏறினதைப் பாத்திருக்கியா?"

கத்பர்ட் சிரித்தான். பிறகு படகில் இருப்பவர்கள் முகத்தைப் பார்த்தான், மொட்டைத் தலையைச் சொறிந்துகொண்டான். "அதுக்கெல்லாம் எங்கடா நேரம்" என்று சொல்லியபடி எஞ்சினைத் திருப்பிக்கொண்டு போனான். போகும்போது, "பொண்டாட்டி திட்டினாளா?" என்று கத்தவும் மறக்கவில்லை.

பிசூன் அன்று முழுக்கத் துறையில் இருந்தான். ரொட்டியும் கீரையும் மூடி போட்டபடியே கிடந்தன. குஞ்சு ஒருதரம் முழங்கை உயரம் ஏறியது, அவன் எழுந்தே நின்றுவிட்டான். பின் அதே வழியில் வழுக்கி இறங்கியது. வேடிக்கை பார்க்க வருகிறவர்கள் குதிப்பதற்குக் கைதட்டுகிறார்கள். ஏறுவதுதான் பெரிய வேலை, அதைப் பார்க்க இந்த ஆற்றில் ஆளில்லை. இருட்டும்போது அது இன்னும் வேரில்தான் இருந்தது.

திங்கட்கிழமை விடிந்ததும் வேர் வெறுமையாக இருந்தது. முதலையோ, நீரோட்டமோ, அசதியோ. மேலே கூட்டில் ஒரே குஞ்சு, தாயின் வாய்க்குள் தலையை விட்டு அரைத்த இலையைத் தின்றுகொண்டிருந்தது.

அப்போது அவனுக்கு ஒரு யோசனை வந்தது. மனிதனுக்கு வருகிற யோசனைதான். இந்தக் குஞ்சைக் காட்டி, இதோ ஏறிவிட்டது பார், இன்னொன்று கூட்டுக்குள் தூங்குகிறது என்றால் சுமிந்த்ரா நம்புவாள். எல்லாம் பழையபடி ஆகிவிடும். கைப்பேசியைத் துடைத்து அக்கரைப் பக்கம் தூக்கியும் பிடித்துவிட்டான். பிறகு இறக்கினான். தன் முகத்தின் பக்கம் திருப்பிக்கொண்டு அவளைக் கூப்பிட்டான்.

"ஏறிச்சா?" என்றாள். வேலைக்கு நடுவில் எடுத்திருந்தாள், கையில் ரப்பர் உறை.

"ஒண்ணு ஏறிச்சு. இன்னொண்ணு ஏறல, சுமின். ஒரு நாள் முழுக்க முயற்சி பண்ணிச்சு. காலையில காணோம்."

அவள் கண்ணை மூடித் திறந்தாள். "ஏறிடுச்சுன்னு சொல்லியிருந்தா நம்பியிருப்பேனே."

"நம்பியிருப்பே. அதனாலதான் சொல்லல."

இந்தப் பக்கம் ஆறு ஓடிக்கொண்டிருந்தது.

"தாங்கமாட்டாங்கன்னு தெரிஞ்சவங்க மேல யாரும் கை வைக்கறதில்ல" என்றான் பிசூன். "தாங்கறவங்களாப் பாத்துத்தான் தள்ளி விடறோம். சமாளிச்சுக்கும்னு வாயால ஒரு வார்த்தை, அதோட நம்ம கடமை முடிஞ்சுபோச்சு. விழுந்தது ஏறிச்சான்னு நின்னு பாக்கறதில்ல. குஞ்சுக்குப் பண்ணினது பாவம்னா, உனக்குப் பண்ணினதும் அதே பாவம்தான். இனிமே இந்த ஆத்துல துடுப்பால அடிக்க மாட்டேன். நீ வீட்டுக்கு வா."

"பேப்பர் வராம வந்தா திரும்ப உள்ள விடமாட்டாங்க. தெரியுமில்ல?"

"தெரியும்."

"வீடு பாதி கட்டி நிக்குது. நான் இங்கேருந்து காசும் பீப்பாய் பீப்பாயா சாமானும் அனுப்பி இப்பத்தான் நிமிர்ந்தோம்."

"பாதி வீட்டுல இருப்போம். எனக்கு நீ வேணும், சுமின். சொல்லத் தெரியாம இருந்துட்டேன்."

"ஏழு வருஷத்துல நீங்க ஒருதரம்கூட வான்னு சொல்லல."

"இப்ப சொல்றேன். வா."

சுமிந்த்ரா உறை போட்ட கையாலேயே முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். அத்தனை வருஷமும் அந்தக் கையகலத் திரையில் அவள் சிரிப்பதை மட்டும்தான் அவன் பார்த்திருந்தான். அவள் சமாளித்துக்கொள்கிறாள் என்று அவன் நம்பியதும் அதைப் பார்த்துத்தான்.