பகைக்குக் கட்டம் இல்லை

1

இந்தக் கதை ஒரு சைக்ளோஸ்டைல் படிவத்திலிருந்து பிறந்தது. சரியாகச் சொன்னால், அதிலிருந்த ஒரு வரியிலிருந்து: 'விண்ணப்பதாரர்களில் எனக்கு உறவினர்: உண்டு / இல்லை.' பக்கத்தில் இரண்டு கட்டம், கீழே கையொப்பம். இந்த வரியை எழுதியவர் காரைக்கால் பக்கமே வந்திராதவர். எங்கள் ஊர் போலகத்தில் நாலு வீடு தள்ளிப் பெண் கொடுத்து, அடுத்த தெருவில் பெண் எடுக்கிறார்கள். உறவில்லாத ஆள் வேண்டுமென்றால் கப்பலில்தான் வரவழைக்க வேண்டும்.

முதல் தொடக்கம்: 'மாசி மாதத்துக் கடல்காற்று இதமாக வீசிக்கொண்டிருந்த அந்தக் காலைப்பொழுதில், நெஞ்சில் ஆயிரம்...'

(அடித்துவிட்டேன். காற்றுக்கு இங்கே வேலை இல்லை. இருப்பதே ஒரு வேலைதான்.)

இரண்டாம் தொடக்கம்: 1979. கூட்டுறவுச் சங்கத்தில் தட்டச்சர் வேலை ஒன்று. தேர்வுக் குழுவில் தலைவர் கோவிந்தராசு, உறுப்பினர் பஞ்சநாதன், பாண்டிச்சேரியிலிருந்து வந்த ஓர் அதிகாரி. அதிகாரிக்குப் பெயர் வைக்கவில்லை. அவர் கவலையெல்லாம் திரும்பிப் போகும் பஸ்ஸைப் பற்றித்தான்.

இது பரவாயில்லை. வைத்துக்கொள்வோம்.

2

பஞ்சநாதன் படிவத்தைப் பிடித்துக்கொண்டு விழித்தார். மனுப் போட்டிருந்த இருவரில் ஒருத்தி கல்யாணசுந்தரி, அவர் அக்கா ராஜத்தின் மகள். அக்காவோடு பேச்சு நின்று பதினோரு வருஷம். இதே பெண்ணின் மஞ்சள் நீராட்டு அழைப்பிதழில் தாய்மாமன் பெயரைச் சித்தப்பா பெயருக்குக் கீழே அச்சடித்துவிட்டார்கள். 'எனக்கு அக்காவே கிடையாது' என்று பந்தலில் நின்று சொன்னவர், இன்றுவரை இறங்கி வரவில்லை.

[இதற்கா இவ்வளவு என்று கேட்கிறவர் எங்கள் பக்கம் ஒரு விசேஷமாவது நடத்திப் பார்த்துவிட்டு வரட்டும்.]

"உங்க அக்கா மகளும் வந்திருக்குங்க. நீங்க கொஞ்சம் வெளியில இருந்துட்டா நல்லது" என்றார் கோவிந்தராசு.

"யாருக்கு அக்கா? பதினோரு வருஷமாப் பேச்சு கிடையாது. ஊருக்கே தெரியும்."

"அப்ப பகைன்னு எழுதிக் குடுங்க."

அதிகாரி படிவத்தை முன்னும் பின்னும் புரட்டினார். "உறவுக்குத்தாங்க கட்டம் போட்டிருக்கு. பகைக்குக் கட்டம் இல்லை."

"பாலகுரு மட்டும் யாராம்? உங்க மச்சினன் மகன்தானே?" என்றார் பஞ்சநாதன். பாலகுரு மனுப் போட்ட இன்னொருவன். கோவிந்தராசு 'இல்லை' கட்டத்தில் டிக் போட்டுக் காபியும் குடித்து முடித்திருந்தார்.

"வீட்டுக்காரி போய் நாலு வருஷம் ஆச்சுங்க. அதோட அந்த உறவும் போச்சு" என்று சொல்லித் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அதிகாரியும் பாவம், 'அடடா' என்றார்.

3

பஞ்சநாதனை வெறும் வீம்புக்காரராகத்தான் முதலில் எழுதியிருந்தேன். தட்டச்சுத் தேர்வுத் தாள்களைக் கையில் கொடுத்ததும் மனிதர் என் பேச்சைக் கேட்கவில்லை. பாலகுருவின் தாளில் தலைப்பே 'கூட்டுறவுச் சங்கடம்' என்றிருந்தது. கல்யாணசுந்தரியின் தாளில் ஒரு பிழை கிடையாது. அவருக்குப் பெருமை பொங்கிக்கொண்டு வந்தது. அதை யாரிடம் காட்டுவதென்று தெரியவில்லை.

அவளுக்கு அடுத்த மாதம் வயது வரம்பு முடிகிறது. இதை விட்டால் மனுப் போட வேறு இடமில்லை.

'உண்டு' என்று போட்டால் அவர் வெளியே போக வேண்டும். அதிகாரி தலைவருக்குத் தலையாட்டுவார், வேலை பாலகுருவுக்கு. 'இல்லை' என்று போட்டால் உள்ளேயிருந்து அவளுக்காக மல்லுக்கட்டலாம். ஆனால் இத்தனை வருஷம் வாயால் சொன்னதை இப்போது கையெழுத்துப் போட்டுச் சொல்ல வேண்டும். வாயால் சொன்னபோது அவருக்கு இவ்வளவு வலிக்கவில்லை.

4

முடிவு அ: 'உண்டு' என்று போட்டுவிட்டு வெளியே வருகிறார். இருப்பது ஒரே பெஞ்சு. கல்யாணசுந்தரி நகர்ந்து, "உக்காருங்க மாமா" என்கிறாள். வேலை போகிறது, மாமா கிடைக்கிறார்.

முடிவு ஆ: 'இல்லை' என்று போட்டு, சண்டை பிடித்து வேலையை வாங்கிக் கொடுக்கிறார். சாயங்காலத்துக்குள் சேதி அக்காவுக்குப் போய்விடுகிறது. "எழுதியே குடுத்துட்டானா?" என்று ராஜம் கேட்கிறாள். மகளுக்கு வேலை கிடைத்த வீட்டில் அன்று அடுப்புப் பற்றவைக்கவில்லை.

ஆறு முறை எழுதிப் பார்த்தேன். ஆறு முறையும் 'அ'தான் அழகாக வந்தது. ஏன் என்று யோசித்தபோது வெட்கமாகிவிட்டது.

5

பாலகுரு நான்தான். உள்ளே நடந்ததையெல்லாம் கோவிந்தராசு மாமா சாப்பிட உட்காரும்போது சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். நானும் சிரித்திருக்கிறேன். இப்போது 1986. இதை அடித்துக்கொண்டிருப்பது சங்கத்துத் தட்டச்சுப் பொறியில்.

கதையிலாவது தேர்வு ஒழுங்காக நடக்கட்டும். முடிவைத் தேர்ந்தெடுக்கிற இடத்தில் நான் இருக்கக் கூடாது. எழுந்து வெளியே போகிறேன். பஞ்சநாதன் பேனா மூடியைத் திறந்துவிட்டார், பக்கத்தில் இருப்பது நீங்கள்தான். வெளியே கல்யாணசுந்தரியும் நானும் காத்திருக்கிறோம். ஒரு பெயரைத்தான் கூப்பிட முடியும்.