சனிக்கிழமை சிங்லெட், ஞாயிற்றுக்கிழமை கோட்டு

1

இந்தக் கதை எனக்குத் தோன்றியதல்ல, கொடுக்கப்பட்டது. கொடுத்தவர் பாடகர் ஜெயபாலன். ஒரு காலத்தில் சிங்கப்பூரிலிருந்து பினாங்கு வரை சுவர்களில் படமாகச் சிரித்தவர். நான் பார்த்தபோது கண் மருத்துவமனையில் எனக்குப் பக்கத்து நாற்காலியில் இருந்தார். இருவர் கண்ணிலும் சொட்டு மருந்து விட்டிருந்தார்கள். எதுவுமே தெளிவாகத் தெரியாத அரை மணி நேரம். எந்த ஊர் என்று கேட்டார். மலாக்கா, காஜா பேராங் பக்கம் என்றேன். என் பக்கம் திரும்பி உட்கார்ந்தார். பிறகு, "பொன்னுதுரையைத் தெரியுமா?" என்றார்.

தெரியாது என்றேன். அது முழுப் பொய் இல்லை. (எவ்வளவு பொய் என்பது நான்காம் பகுதியில். இப்போதே சொன்னால் இது என்னைப் பற்றிய கதையாகிவிடும்.)

2

எப்படித் தொடங்குவது என்பதிலேயே இரண்டு மாதம் போய்விட்டது.

"பொன்னுதுரையின் மூச்சிலேயே இசை இருந்தது, பிறந்த அன்றே அவர்" [அடித்துவிட்டேன். பிறந்த அன்று எல்லோரும் அழத்தான் செய்கிறார்கள்.]

"நாடு விடுதலை பெற்ற அந்த இரவில், மலாக்காவே விளக்குகளால்" [இதுவும் வேண்டாம். அந்த இரவில் அவர் சிங்கப்பூர் போகும் பஸ்ஸில் தூங்கிக்கொண்டிருந்தார். காலையில் ஒலிப்பதிவு.]

ஆகவே வெறும் விவரமாகவே சொல்கிறேன். பொன்னுதுரை காஜா பேராங்கில் பிறந்த மலாக்காச் செட்டி. வட்டிக்கடைச் செட்டியார் அல்ல. நானூறு ஐந்நூறு வருஷத்துக்கு முன் கப்பலில் வந்து இங்கேயே பெண் கட்டி இங்கேயே தங்கிவிட்ட கூட்டம். கோயில் உண்டு, விபூதி உண்டு, பெயரெல்லாம் தமிழ். பேச்சு மட்டும் மலாய். சாக்ஸபோன் கற்றுக்கொண்டது உஜோங் பாசிரில், போர்த்துகீசிய மீனவர் வீடுகளில். அவர்கள் கலியாணத்துக்கு வாசிப்பார்கள். இவர் கூடப் போய் நிற்பார். முப்பது வயதுக்குள் நடன மண்டபங்களில் வாசித்தார். ராக் அண்ட் ரோல் வந்தபோது சிங்கப்பூர் ரெக்கார்ட் கம்பெனிகளுக்குத் தொண்டை கிழியக் கத்தும் சாக்ஸபோன் தேவைப்பட்டது. இவருடையது கத்தியது. வாரம் ஒரு முறை பஸ்ஸில் போவார். முன்னால் வைத்த தாளைப் பார்த்து வாசிப்பார், திரும்பி வருவார். யார் பாட்டு, என்ன பெயரில் வெளிவரும் என்று கேட்கும் வழக்கமில்லை. ரெக்கார்டில் பாடகர் பெயர் இருக்கும். சில சமயம் இசைக்குழுவின் பெயர் இருக்கும். பொன்னுதுரை என்று எங்கும் இருக்காது.

* ஒரு விஷயம் சொல்லியாக வேண்டும். இந்தக் கதையில் பொன்னுதுரையும் அவர் தங்கையும் பேசும் தமிழ் என்னுடையது. அவர்கள் வாழ்நாளில் ஒரு முழு வாக்கியத்தைத் தமிழில் பேசியதில்லை. "அண்ணே" என்ற சொல் மட்டும் அவர்களுடையது. அந்த வீட்டில் மிஞ்சியிருந்த சில தமிழ்ச் சொற்களில் அது ஒன்று.

3

தங்கையின் பெயர் அஞ்சலை. கலியாணமாகி இரண்டாம் வருஷமே கணவனை இழந்து அண்ணன் வீட்டுக்குத் திரும்பியவள். காலையில் பலகாரம் செய்து பாசார் சந்தைக்கு அனுப்புவாள். அண்ணன் என்ன வேலை செய்கிறார் என்பது அவளுக்குத் தெரியும், ஆனால் தெரிந்ததாக நடந்துகொள்ள மாட்டாள். "சிங்கப்பூர் போயிருக்கார்" என்பதோடு முடித்துக்கொள்வாள்.

1959 தொடக்கத்தில் ஜெயபாலனின் ஒரு மலாய்ப் பாட்டு வெளிவந்தது. பாட்டு சுமார்தான். நடுவே முப்பது விநாடி சாக்ஸபோன். அந்த முப்பது விநாடிக்காகக் காப்பிக்கடைகளில் அதையே திரும்பத் திரும்பப் போட்டார்கள். வாசித்தவர் பொன்னுதுரை. வாழ்க்கையில் முதல் முறையாக ஒரு ரெக்கார்டை வாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்தார். வீட்டில் அதைப் போட்டுக் கேட்கப் பெட்டி இல்லை. பக்கத்து வீட்டுக்குப் போனார்கள்.

பாட்டு முடிந்ததும் பக்கத்து வீட்டுப் பெண்கள் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். அட்டையில் ஜெயபாலன் பளபளக்கும் சாக்ஸபோனோடு நின்றார். இது நீங்கள் இல்லையே என்று ஒருத்தி கேட்டாள். ஊதியது நான்தான் என்றார் பொன்னுதுரை. அப்படியா என்றாள். நம்பாதவர்கள் மரியாதைக்குச் சொல்லும் அப்படியா. அஞ்சலை ரெக்கார்டை அட்டைக்குள் போட்டு எடுத்துக்கொண்டாள். அந்த அப்படியாவை அவர் வீடு வரை தூக்கிக்கொண்டு நடந்தார்.

[அஞ்சலை அவரை நம்பினாளா? இந்தப் பாத்திரத்தின் மேல் எனக்குச் சந்தேகம் வருவது இங்கேதான். எழுதிய ஒரு படியில் அவளை நம்பவைத்தேன், கதை அங்கேயே முடிந்துவிட்டது. இன்னொன்றில் கொடுமைக்காரியாக்கினேன், அது பொய். கடைசியில் சும்மா விட்டுவிட்டேன்.]

4

பாட்டு ஓடியதும் கம்பெனி ஜெயபாலனை ஊர் ஊராக அனுப்பியது. ஒரு சிக்கல்: ஜெயபாலனுக்கு சாக்ஸபோன் வாசிக்கத் தெரியாது. நிர்வாகி ராஜரத்தினம் ஒரு வழி கண்டுபிடித்தார். மேடையில் ஜெயபாலன் வாசிப்பது போல் நிற்க வேண்டும். தவறிக்கூடச் சத்தம் வராதபடி வாத்தியத்தின் வாய்க்குள் துண்டை அடைத்துவிடுவார்கள். பின்திரைக்கு அந்தப் பக்கம் ஒரு மைக். அதன் முன்னால் பொன்னுதுரை.

ஈப்போ, கோலாலம்பூர், சிரம்பான் எல்லாம் நன்றாக நடந்தது. பிறகு மலாக்கா, சனியும் ஞாயிறும் பிற்பகல் மூன்று மணி ஆட்டம். பொன்னுதுரை அஞ்சலைக்கு இரண்டு நாளைக்கும் டிக்கெட் எடுத்தார். இரண்டாம் வரிசை, இடமிருந்து ஐந்தாவது நாற்காலி. திரைக்குப் பின்னால் இருப்பேன் என்று சொல்ல வாய் வரவில்லை. "கேளு, உனக்கே தெரியும்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

தகரக் கூரை மண்டபம். மேடையில் இரண்டு மின்விசிறி, திரைக்குப் பின்னால் ஒன்றுமில்லை. பொன்னுதுரை சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். சிங்லெட் பனியனோடு, கழுத்தில் ஒரு துண்டோடு, சோடாப் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார். கண்ணை மூடிக்கொண்டார். இரண்டாம் வரிசை எந்தப் பக்கம் இருக்கும் என்று கணக்குப் பண்ணி வாத்தியத்தை அந்தப் பக்கமாகத் திருப்பிக்கொண்டாராம். மைக் இந்தப் பக்கம் இருந்தது. அதனால் ஒரு பயனும் இல்லை என்பது அவருக்கே தெரியும்.

அன்று அவர் வாசித்ததைப் போல் அதற்கு முன்னும் பின்னும் கேட்டதில்லை என்றார் ஜெயபாலன். கூட்டம் விடவில்லை, மறுபடி கேட்டது. மறுபடி வாசித்தார். கைதட்டல் எல்லாம் ஜெயபாலன் மேல் வந்து விழுந்தது. "என்னால தாங்க முடியல தம்பி. ரெண்டு அடி தள்ளி அந்த ஆளு உட்கார்ந்திருக்காரு. அவரு ஊரு அது. நான் நல்லதுக்குத்தான் இழுத்தேன்."

திரைக் கயிற்றை இழுத்துவிட்டார். "உண்மையில் இவர்தான்" என்று மைக்கில் தொடங்கினார். வாக்கியத்தை முடிக்கவில்லை. மண்டபம் இடிந்து விழுந்த மாதிரி சிரித்தது.

வயிற்றருகே ஓட்டை விழுந்த சிங்லெட். கழுத்தில் துண்டு. மூடிய கண். திரை திறந்தது அவருக்குத் தெரியாது, வாசித்துக்கொண்டே இருந்தார். சத்தம் கேட்டுக் கண்ணைத் திறந்தார். எழுந்தார். என்ன செய்வது என்று தெரியாமல் குனிந்து வணங்கினார். சிரிப்பு இரண்டு மடங்கானது.

இதில் ஜெயபாலன் சொல்லித் தெரிந்துகொண்டது பாதிதான். மீதி நான் பார்த்தது. எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது, நகராட்சித் தண்ணீர்ப் பகுதியில் குமாஸ்தா, ஒன்பதாம் வரிசை. ஆட்டத்தில் ஒரு வேடிக்கைக் கட்டம் என்றே நினைத்தேன். கண்ணில் நீர் வரச் சிரித்தேன். அந்த மனிதர் பெயர் பொன்னுதுரை என்று எனக்குத் தெரியாது, ஆளைப் பார்த்திருந்தேன். நான் ஜெயபாலனிடம் சொன்ன பொய் அவ்வளவுதான்.

இரண்டாம் வரிசையில் கெபாயா மேற்சட்டையும் சாரோங் கைலியும் கட்டிய ஒரு பெண் சிரித்தாளா என்று நான் பார்க்கவில்லை. எனக்கு முன்னால் எட்டு வரிசைத் தலைகள் குலுங்கிக்கொண்டிருந்தன.

5

பொன்னுதுரை சட்டையைப் போட்டுக்கொண்டு பின்வாசலால் வெளியே வந்தார். வெயில் இன்னும் இறங்கவில்லை. ராஜரத்தினம் அங்கேயே காத்திருந்தார். கோபப்படுவார் என்று நினைத்தால், தோளில் கை போட்டார். நாளைக்கும் அப்படியே திரையை இழுக்கலாம் என்றார். இனிமேல் எல்லா ஊரிலும்.

"நோட்டீஸ்ல உன் பேரைப் போடறேன், பொன்னு. சிங்லெட் பொன்னு. ஜெயபாலன் பேருக்குக் கீழேயே."

பதினைந்து வருஷ உழைப்பில் அவர் பெயரை அச்சில் போடுகிறேன் என்று ஒருவர் சொன்னது அதுதான் முதல் தடவை. யோசித்துச் சொல்கிறேன் என்றார்.

[முதல் படியில் இங்கே அவர் ராஜரத்தினத்தை ஓங்கி அறைந்தார். எழுத எனக்குச் சுகமாக இருந்தது. ஆனால் அந்த மனிதர் அப்படிப்பட்டவர் அல்ல. "யோசித்துச் சொல்கிறேன்" என்றுதான் சொன்னார், உண்மையிலேயே யோசித்தார்.]

காஜா பேராங்குக்கு நடந்தே போனார். வழியில் இரண்டு பேர் அவரைப் பார்த்துச் சிரித்தார்கள். தெரிந்தவர்கள் சிரிக்கும் சிரிப்பா அது, ஆட்டம் பார்த்தவர்கள் சிரிப்பா என்று புரியவில்லை. வீட்டில் அஞ்சலை மறுநாள் பலகாரத்துக்குத் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை. துருவியபடியே சொன்னாள்:

"சட்டை போட்டிருக்கலாம், அண்ணே."

அவ்வளவுதான். நீதான் வாசித்தாய் என்று இப்போது தெரிகிறது என்று சொல்லவில்லை. நன்றாக இருந்தது என்றும் சொல்லவில்லை. சிரித்தாயா என்று அவரும் கேட்கவில்லை. நாலைந்து வருஷம் கழித்து ஒரு பஸ் பயணத்தில் பொன்னுதுரை இதை ஜெயபாலனிடம் சொன்னபோது, அன்று அந்த வீட்டில் தேங்காய்த் துருவலின் சத்தம்தான் பெரிதாகக் கேட்டது என்றாராம்.

6

ஞாயிற்றுக்கிழமைக்குப் போகும் முன் அதற்குப் பின் நடந்ததைச் சொல்லி முடித்துவிடுகிறேன். வரிசைப்படி சொன்னால் கதை இங்கே வந்து நின்றுவிடும், எனக்கு அந்த ஞாயிற்றுக்கிழமையில் நிறுத்த வேண்டும்.

நோட்டீஸில் அவர் பெயர் வரவில்லை. அடுத்த ஊரான மூவார் முதல் மறுபடி மூடிய திரை. சுற்றுப்பயணம் முடிந்து பழையபடி ஒலிப்பதிவுக்குப் போய்வந்தார். அறுபத்தைந்துக்குள் எல்லோரும் கிட்டாருக்கு மாறிவிட்டார்கள், கூப்பிடுவது குறைந்தது, நின்றது. புக்கிட் ரம்பாயில் ஒரு செங்கல் சூளையில் கணக்கப்பிள்ளைக்கு உதவியாளாகச் சேர்ந்தார். கலியாணம் செய்துகொள்ளவில்லை. அஞ்சலை முதலில் இறந்தாள். பிறகு ஆறு வருஷம் அந்த வீட்டில் தனியாக இருந்தார். 1978இல் அவரும் போனார்.

அவர் வாசித்தவை அறுபது ரெக்கார்டாவது இருக்கும். கிடைத்ததையெல்லாம் வாங்கினேன். எது அவர், எது வேறொருவர் என்று எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை. யாரைக் கேட்பது?

7

ஞாயிற்றுக்கிழமை நான் போகவில்லை. ஒரு முறை பார்த்தாயிற்று, போதும் என்று குருபோங்கில் ஒரு நண்பன் வீட்டுக்குப் போய்விட்டேன். அதனால் இனி வருவது முழுக்க ஜெயபாலன் வாய்மொழி.

பொன்னுதுரை சீக்கிரமே வந்தார். ராஜரத்தினத்திடம் சரி என்றார். திரையை இழுக்கலாம் என்றார். ராஜரத்தினம் மகிழ்ச்சியோடு முன்வாசலுக்குப் போனதும் பையைத் திறந்தார். நடன மண்டப நாள்களில் போட்ட வெள்ளைக் கோட்டு. கறுப்பு போ டை. வெள்ளைச் சட்டை. ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டார். கோட்டு இடுப்பில் கொஞ்சம் இறுகியது. அதை யார் இஸ்திரி போட்டது என்று ஜெயபாலனுக்குத் தெரியாது. [அஞ்சலை போட்டாள் என்று எழுதினேன். அடித்தேன். அவரே போட்டார் என்று எழுதினேன். அதையும் அடித்தேன்.]

சோடாப் பெட்டியை ஓரமாகத் தள்ளிவிட்டு நின்றார். அந்த உடையில் ஐந்தே நிமிஷத்தில் தொப்பலாக நனைந்துவிட்டாராம்.

"இழுக்கணுமா அண்ணே?" என்று ஜெயபாலன் கேட்டார்.

"இழு."

பாட்டு நடுப்பகுதிக்கு வந்தது. ஜெயபாலன் கயிற்றை இழுத்தார். நேற்றைய கதை ஊர் முழுக்கப் பரவியிருந்தது, கூட்டம் சிரிக்கத் தயாராக வாயைத் திறந்து வைத்திருந்தது. திரை விலகியது. வெள்ளைக் கோட்டுப் போட்ட ஒருவர் நின்று சாக்ஸபோன் வாசித்துக்கொண்டிருந்தார்.

யாரும் சிரிக்கவில்லை. கைதட்டவும் இல்லை. வேடிக்கை எப்போது தொடங்கும் என்று காத்திருந்தார்கள். கொஞ்ச நேரத்தில் சிலர் ஜெயபாலனைப் பார்க்கத் திரும்பினார்கள். அவர் தன் வாத்தியத்தைத் தரையில் வைத்துவிட்டு நகர்ந்து நின்றுகொண்டார். முப்பது விநாடி முடிந்தது. பொன்னுதுரை நிறுத்தவில்லை. பாட்டில் இல்லாததையெல்லாம் வாசித்தார். ராஜரத்தினம் பக்கவாட்டில் நின்று மூடு மூடு என்று கையை ஆட்டினார். திரைக் கயிறு ஜெயபாலன் கையில் இருந்தது. "பத்து நிமிஷம் விட்டேன் தம்பி" என்றார். பத்து நிமிஷம் இருந்திருக்காது. ஆனால் நான் திருத்தவில்லை.

அன்று அவர் கண்ணை மூடவில்லை. இரண்டாம் வரிசையையே பார்த்துக்கொண்டு வாசித்தார். விளக்கு முகத்தில் அடித்ததால் ஜெயபாலனுக்கு அந்த வரிசை தெரியவில்லை. அங்கே யார் இருந்தார்கள், யாராவது இருந்தார்களா என்று அவர் பிற்பாடும் கேட்டதில்லை.

நான் இங்கே அஞ்சலையை உட்காரவைத்துப் பார்த்தேன். கெபாயாவின் பொத்தானைப் பிடித்தபடி, அண்ணனை விட்டுக் கண்ணை எடுக்காமல். அழகாக இருந்தது. அடித்தேன். பிறகு நாற்காலியைக் காலியாக விட்டேன். தேங்காய் துருவி முடித்து வாசல் வரை வந்து திரும்பிப் போய்விட்டாள் என்று ஒரு பத்தி எழுதினேன். அதுவும் அழகாகத்தான் இருந்தது. அதையும் அடித்தேன். பார்க்காத ஒன்றை இந்த மனிதருக்கு நான் கொடுக்கவும் கூடாது, பறிக்கவும் கூடாது.

அவர் இன்னும் வாசித்துக்கொண்டிருக்கிறார். வெள்ளைக் கோட்டு முதுகில் ஒட்டியிருக்கிறது. கயிறு ஜெயபாலன் கையில். இரண்டாம் வரிசை, இடமிருந்து ஐந்தாவது நாற்காலி.

நீங்கள் பாருங்கள்.