வலது கையாக்கிய இடது கை

நான்கு மணி நேரம் பேசக் கூடாது, நிறுத்தக் கூடாது. யாரும் போட்ட சட்டமில்லை, நானே எனக்குப் போட்டுக்கொண்டது. இப்படி ஏதாவது கிறுக்குத்தனம் செய்தால்தான் 2001-லும் பெங்களூர் ஆர்ட் கேலரிக்காரர்கள் அதை ‘பெர்ஃபார்மன்ஸ்’ என்று ஒத்துக்கொள்கிறார்கள்.

எனக்குப் பின்னால் சுவர் முழுக்க என் அப்பாவின் கை வீடியோவாக ஓடிக்கொண்டிருந்தது. முகம் கிடையாது, வெறும் கைதான். பொம்மசந்திராவில் ஒரு கம்பெனியில் பத்தொன்பது வருஷம் பிரஸ் மிஷினில் செய்த வேலையை, மிஷின் இல்லாமல் காற்றில் செய்துகாட்டியது. தகட்டை வை, லீவரை இழு, எடு, தள்ளு. வீடியோவுக்கு முன்னால் நின்று நானும் அதையே செய்துகொண்டிருந்தேன்.

அப்பாவின் வலது தோள் செயலிழந்து இரண்டு வருஷமாகிறது. சோறுகூட இடது கையால்தான். அந்த வெட்கத்தில் கல்யாண வீடுகளுக்கே போவதில்லை. கம்பெனிக்காரர்களோ, ‘கை நல்லாத்தான் இருக்கு, நடிக்கிறான்’ என்று வெளியே அனுப்பிவிட்டார்கள். திங்கட்கிழமை லேபர் கோர்ட்டில் கடைசி விசாரணை. இன்று சனிக்கிழமை.

வீடியோவில் அவர் செய்ததும் இடது கையால்தான். லீவர் வலது பக்கம் அல்லவா, படம் சரியாக இருக்க வேண்டாமா என்று எடிட்டிங்கில் கண்ணாடி மாதிரி திருப்பிப் போட்டது நான். இப்போது சுவரில் நல்ல திடமான வலது கை ஒன்று ஜம்மென்று லீவர் இழுத்தது. திருப்பும்போது கேஸ் ஞாபகமே வரவில்லை. படம் அழகாக வந்துவிட்டதென்று குதித்தேன், அறிவு கெட்டவள்.

ஐந்தரை மணிக்கு வெங்கடகிருஷ்ணன் உள்ளே வந்தபோதுதான் உறைத்தது. அப்பாவை வெளியே அனுப்பிய கம்பெனியின் பர்சனல் மேனேஜர். கோர்ட் வராந்தாவில் ஃபைலும் கையுமாக எத்தனை தடவை பார்த்திருக்கிறேன்! மனைவியோடு வந்தவர் டீ கப்பைப் பிடித்தபடி சுவரையே பார்த்தார். அந்த வேலை அவருக்குத் தெரியாதா என்ன? சுவரில் இருப்பது அப்பாவின் கை என்று தெரிந்தால் திங்கட்கிழமை கேஸ் போச்சு. ஆறு மணிக்கு அப்பா வருகிறேன் என்றிருந்தார். ஒக்கலிபுரத்தில் பஸ் ஏறியிருப்பார். பஸ் நடுவழியில் நிற்கட்டும், டயர் வெடிக்கட்டும் என்று வேண்டிக்கொண்டே இல்லாத லீவரை இழுத்தேன்.

ஐந்தே முக்காலுக்கே வந்து நின்றார். இஸ்திரி போட்ட சட்டை. சுவரைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பு.

“என்ன ஜெயராமன், நீங்க எங்க இங்க?” வெங்கடகிருஷ்ணன் திரும்பினார்.

“வணக்கம் சார். இது நம்ம பொண்ணுதான் சார், தமயந்தி.”

“ஓஹோ!” அவர் கண் அப்பாவின் தோளுக்குப் போய், சுவருக்குப் போய், மறுபடி தோளுக்கு வந்தது. “அப்ப இந்தக் கை…”

“அவர் கை இல்ல சார்!” கத்தியே விட்டேன். அங்கிருந்தவர்கள் எல்லோரும் திரும்பினார்கள். “அது ஒரு ஆக்டர் சார். கூலிக்குக் கூட்டிட்டு வந்த ஆளு. எங்கப்பாவுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல.”

பின்னே என்ன செய்ய? திருப்பிப் போட்ட இடது கை என்று உண்மையைச் சொன்னால் இந்த மனுஷன் நம்பவா போகிறார்?

அப்பாவின் சிரிப்பு அப்படியே அணைந்துபோனது. எனக்காக இரண்டு வாரம் மொட்டை மாடியில் நின்று அந்த வேலையை இடது கைக்குப் பழக்கியவர் அவர். தன் கை கேலரியில் ஓடுகிறதென்று தெரு முழுக்கச் சொல்லிவிட்டு வந்திருப்பார். சுவரையே பார்த்தார்.

“ஆமா சார். யாரோ தெரியாத ஆளு,” என்றார் கடைசியில். “ஆனா வேலையப் பாருங்க சார், ஒரு பிசிறு இல்ல. இப்படி ஒருத்தன எந்தக் கம்பெனியாவது கழுத்தப் புடிச்சி வெளிய தள்ளுமா?”

வெங்கடகிருஷ்ணன் டீ கப்பைக் கீழே வைத்தார். நான் எல்லோர் முன்னாலும் அழுதுவிட்டேன்.