ஞானஸ்நானச் சீட்டு

எட்டக்கூடாது, மாதாவே, கை எட்டவே கூடாது... இப்படி வேண்டிக்கொண்டு நிற்கிறேன் என்று பக்கத்தில் நிற்பவர்களுக்குத் தெரிந்தால் காறித் துப்புவார்கள், பெற்றவள் வேண்டுகிற வேண்டுதலா இது, துப்பட்டும், கோயில் பள்ளிக்கூடத்து வேப்பமரத்தடியில் நின்று அதைத்தான் வேண்டிக்கொண்டிருக்கிறேன், பாப்பா என் முந்தானையைச் சுருட்டி வாயில் வைத்துக் கடித்துக்கொண்டிருக்கிறாள். முன்னால் ஏழெட்டுப் பேர். சிஸ்டர் ஒவ்வொரு பிள்ளையாகக் கூப்பிட்டு, வலது கையைத் தலைக்கு மேலே வளைத்து இடது காதைத் தொடச் சொல்கிறார், தொட்டால் ஒன்றாம் வகுப்பு, தொடாவிட்டால் அடுத்த வருஷம் வா. அடுத்த வருஷம்... அப்பாடா, கேட்கவே எவ்வளவு நன்றாயிருக்கிறது! இன்னும் ஒரு வருஷம் அடுப்படியில் என் பக்கத்தில் உட்கார்ந்து புளியங்கொட்டை எண்ணுவாள், மத்தியானம் என் வயிற்றில் கால் போட்டுத் தூங்குவாள். இவள் அப்பா கஸ்பாருக்கு அதுதான் பொறுக்கவில்லை. "ஏம்புள்ள, மடியிலயே முடிஞ்சு வெச்சிருந்தா அவ எப்ப வளர்றது? நாலரை ஆனா என்ன, கை எட்டுனா சேத்துக்குவாங்க" என்று சொல்லி, கோயில் உபதேசியாரிடம் வயசுக்கு அத்தாட்சியாக ஞானஸ்நானச் சீட்டும் எழுதி வாங்கிக் கொடுத்துவிட்டு, ஜவ்வரிசி மூட்டை ஏற்றிய லாரியோடு மனுஷன் கிளம்பிவிட்டார். அழுகிற பிள்ளையை உள்ளே தள்ளுகிற வேலை மட்டும் எனக்கு.

"அம்மா, ஒண்ணுக்கு வருது." இது மூன்றாவது தடவை, போனால் ஒரு சொட்டும் வருவதில்லை, பயம். "டீச்சர் அடிப்பாங்களாம்மா?" "அடிக்க மாட்டாங்க சாமி." "நீயும் உள்ள வாரியா?" இதற்கு என்ன சொல்வது, வரேன் என்றால் பொய், வரமாட்டேன் என்றால் இப்போதே ஆரம்பித்துவிடுவாள். வாரம் முழுக்கக் காதைத் தொட்டுப் பழகினாள், கள்ளி, தலையைச் சாய்த்துத் தொட்டுவிட்டு "எட்டிருச்சு எட்டிருச்சு" என்று குதித்தாள். மூத்தவள் இப்படிச் சாய்க்கவேண்டியிருக்காது, அவளுக்குக் கை நீளம், ஒன்றரை வயதிலேயே உறியைப் பிடித்து இழுப்பாள்... இருந்திருந்தால் இந்நேரம் இரண்டாம் வகுப்பு, தங்கச்சியைக் கையைப் பிடித்து அவளே கூட்டிவந்திருப்பாள், நான் வீட்டிலேயே இருந்திருக்கலாம். காய்ச்சல், மூன்றே நாள். இரண்டு வயது நிறையவில்லை. அப்போது பாப்பா என் வயிற்றில் நாலு மாதம். பிறந்ததும் பெண் என்றார்கள், அதே பேர்தான் வைக்கணும், மரியபுஷ்பம்தான் என்று ஒற்றைக்காலில் நின்றேன், போனவள் பேர் எதுக்கு என்று கஸ்பாரின் ஆத்தா முணுமுணுத்ததையும் கேட்கவில்லை. யார் கண்டது, கூப்பிட்டால் திரும்பி வந்துவிடுவாள் என்று நினைத்தேனோ என்னவோ.

எங்கள் முறை. தோத்திரம் சிஸ்டர் என்று சீட்டை நீட்டினேன், எனக்கு எழுத்துக் கூட்ட வராது, சிஸ்டர் உரக்கப் படித்தார். "மரியபுஷ்பம். அப்பா கஸ்பார், அம்மா ஞானமேரி. பிறந்தது செப்டம்பர் ஒண்ணு, ஐம்பத்து நாலு..." யாரோ முதுகில் அறைந்ததுபோல் இருந்தது. அது மூத்தவள் தேதி. பாப்பா பிறந்தது ஐம்பத்தேழு ஜனவரி, மூன்று ராஜாக்கள் திருநாளுக்கு மறுநாள். பாழாய்ப்போன உபதேசியார், அதே பேர், அதே அப்பா அம்மா, ஏட்டில் முதலில் கண்ணில் பட்டதை எழுதித் தொலைத்திருக்கிறார். பாப்பா கையை வளைத்தாள், எக்கினாள், தலை சாயாமல் சிஸ்டர் பிடித்துக்கொண்டார், விரல் காதுக்கு மேலே முடியிலேயே நின்றுவிட்டது. "சீட்டுப்படி ஏழு வயசு ஆகப்போகுது, கை எட்டலையே?" என்று என்னைப் பார்த்தார். சொல், ஞானமேரி, வாயைத் திற, இது செத்துப்போனவ சீட்டுங்க சிஸ்டர் என்று ஒரு வார்த்தை, அவ்வளவுதான், பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போகலாம், வேண்டியது கிடைத்துவிட்டதே, இன்னும் ஒரு வருஷம்... ஆனால் அந்தத் தேதியை ஒருவர் வாய்விட்டுச் சொல்லி எத்தனை காலமாயிற்று, வீட்டில் யாரும் சொல்வதில்லை, நான் வருத்தப்படுவேனாம். இதோ பேனா திறந்திருக்கிறது, பெரிய ஏட்டில் அவள் ஏறப்போகிறாள், என் தங்கம் பள்ளிக்கூடம் போகப்போகிறாள். "வளத்தி கம்மிங்க சிஸ்டர்" என்றேன். "நல்லா சாப்பிடக் குடும்மா" என்று சொல்லி அவர் எழுதிக்கொண்டார்.

என்ன காரியம் செய்தேன்? பாப்பாவைப் பெரிய வகுப்பு அக்கா ஒருத்தி கையைப் பிடித்துக் கூட்டிப்போனாள், கத்துவாள் என்று பார்த்தேன், கத்தவில்லை, திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனாள், அது அதைவிடக் கொடுமை. வாசலுக்கு வந்துவிட்டேன், கால் வரவில்லை, சுவர் ஓரமாகச் சுற்றி ஒன்றாம் வகுப்பு ஜன்னல் பக்கம் போய் நின்றேன். இவளை வைத்துக்கொள்ளத்தானே அத்தனை வேண்டுதல், கிடைத்ததும் போனவளுக்குக் கொடுத்துவிட்டேனே, இவளுக்கு இன்னும் பால் வாசனைகூடப் போகவில்லையே... உள்ளே டீச்சர் ஒவ்வொரு பேராகக் கூப்பிட்டார், பிள்ளைகள் எழுந்து எழுந்து உட்கார்ந்தார்கள். "மரியபுஷ்பம்." யாரும் எழவில்லை. பாப்பா இரண்டாவது வரிசையில் பாவாடையைப் பிடித்துக்கொண்டு மற்றப் பிள்ளைகள் முகத்தைப் பார்த்தாள், யாரைக் கூப்பிடுகிறார்கள் என்று. "மரியபுஷ்பம் யாரு? வரலையா?" பாப்பா, கண்ணு, சாமி, தங்கம்... வேறென்ன சொல்லிக் கூப்பிட்டிருக்கிறேன்? நாலரை வருஷத்தில் ஒரு நாள், ஒரே ஒரு நாள்? ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, உன்னைத்தான், எழுந்திரு, மரிய... என்று தொடங்கினேன். மேலே வரவில்லை. டீச்சர் மறுபடியும் கூப்பிட்டார்.